விசாரணைக்குக் கூட்டிப் போனார்கள்: மனித உரிமை ஆணையம் வரை போன ஒரு புகார்

என் தம்பி லோடு ஆட்டோ ஓட்டுகிறான். 2023-இல் ஒரு வீட்டில் கட்டிலும் பீரோவும் இறக்கிப் போட்டுவிட்டு வந்தான். மறுநாள் சாயங்காலம் அவனை ஸ்டேஷனுக்குக் கூட்டிப் போனார்கள். அந்த வீட்டில் நகை காணாமல் போய்விட்டதாம். அடுத்த நாள் மதியம் விட்டார்கள். ஆட்டோவில் ஏற்றத் தூக்கித்தான் வைக்க வேண்டியிருந்தது. பிறகு அந்த நகை வீட்டுக்காரரின் உறவினர் ஒருவரிடமே இருந்தது தெரியவந்தது. அதைக்கூட எங்களிடம் யாரும் வந்து சொல்லவில்லை. ஊர் பேசித்தான் தெரியும்.

வழக்கு இன்னும் முடியாததால் ஊர் பெயரையும் ஸ்டேஷன் பெயரையும் எழுதவில்லை. தென் மாவட்டத்தில் ஒரு சின்ன டவுன் என்று வைத்துக்கொள்ளுங்கள். தாலுகா ஆபீஸ் பக்கத்தில் ஜெராக்ஸ், டைப்பிங் கடை வைத்திருக்கிறேன். பட்டா மாறுதல், வாரிசுச் சான்றிதழ் என்று மனு அடித்துப் பழகிய கை. ஆனால் போலீஸ் மேல் கொடுக்கும் புகார் வேறு ஜாதி. மற்ற மனுக்கள் தாமதமானால் தாமதம்தான், அவ்வளவே. இதில் தாமதமானால் ஆதாரமே இருக்காது. காயம் ஆறிவிடும், கேமரா பதிவு அழிந்துவிடும், பார்த்தவர்கள் பார்க்கவில்லை என்று சொல்லிவிடுவார்கள்.

அன்று ராத்திரி நானும் அப்பாவும் ஸ்டேஷனுக்குப் போனோம். சம்மன் ஏதாவது கொடுத்தீர்களா என்று கேட்டேன். சாட்சியாக விசாரிக்கக் கூப்பிட்டால் எழுத்தில் அழைப்பாணை கொடுக்க வேண்டும். அப்போது அது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 160-ஆவது பிரிவு, 2024 ஜூலை முதல் வந்த புதிய சட்டத்தில் 179. சந்தேக நபர் என்றால், ஏழு வருடம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் கைது செய்யாமல் விசாரிப்பதற்கும் நோட்டீஸ் உண்டு. அப்போது 41ஏ, இப்போது 35(3). "சும்மா ரெண்டு கேள்வி கேட்டுட்டு அனுப்பிடுவோம்மா, வீட்டுக்குப் போங்க" என்றார் ரைட்டர். அவர் தலைக்கு மேலே டி.கே.பாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996-இல் சொன்ன பதினொரு கட்டளைகளும் அழகாகப் பெயின்ட் அடித்து மாட்டியிருந்தன. கைதுக் குறிப்பு எழுத வேண்டும், சொந்தக்காரர்களுக்குத் தகவல் சொல்ல வேண்டும், மருத்துவப் பரிசோதனை செய்ய வேண்டும். எல்லாம் கைது செய்தால்தானே? கைது என்றே காட்டாவிட்டால் 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும் என்ற கணக்கும் தொடங்காது. "விசாரணை" என்று சொல்லிக் கூட்டிப் போவதன் வசதியே இதுதான்.

தூரத்து உறவில் ஒரு மாமா வக்கீல் குமாஸ்தா. அவருக்குப் போன் செய்தேன். "அழுவாத. முதல்ல நூறுக்குப் போன் போடு. என்ன நடக்குதுன்னு சொல்லு. அது பதிவாகும். எஸ்.பி. ஆபீசுக்கு மெயில் அனுப்பு" என்றார். முன்பெல்லாம் இப்படி யாரையாவது பிடித்து வைத்தால் வக்கீல்கள் முதலில் தந்தி அடிப்பார்களாம். தபால் முத்திரையில் தேதியும் நேரமும் விழும், பிறகு யாரும் மறுக்க முடியாது. 2013 ஜூலையில் தந்தியை நிறுத்திவிட்டார்கள். அதன் வேலையைத்தான் நான் அனுப்பிய மெயில் செய்தது. மூன்று வரி மெயில்: தம்பி பெயர், எந்த ஸ்டேஷன், எத்தனை மணியிலிருந்து. அந்த மூன்று வரி பிற்பாடு எங்களைக் காப்பாற்றியது. முதல்வர் உதவி மையத்தின் 1100-க்கும் போன் செய்து மனு பதிந்தேன். அது அப்படியே சுற்றி வந்து, "மனுதாரரை விசாரித்து அறிக்கை தரவும்" என்ற குறிப்போடு அதே ஸ்டேஷனுக்குப் போய்ச் சேர்ந்தது. அரசாங்கம் அப்படித்தான்.

மறுநாள் விடும்போது அப்பாவிடம் ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார்கள். "என் மகனை உடலில் காயம் எதுவும் இல்லாமல் நல்ல நிலையில் அழைத்துச் செல்கிறேன்." அந்த இடத்தில் எந்த அப்பாவும் கையெழுத்துப் போட்டிருப்பார்.

அங்கிருந்து நேராக அரசு தலைமை மருத்துவமனை. அம்மா தனியார் ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றார். குமாஸ்தா மாமா வேண்டவே வேண்டாம் என்றார். அங்கே போலீஸ் கேஸ் என்றால் ஏதாவது சொல்லி அனுப்பிவிடுவார்கள், அல்லது பைக்கில் விழுந்தது என்று எழுதிவிடுவார்கள். அரசு மருத்துவமனையில் ஏ.ஆர். போடுவார்கள், அதாவது விபத்துப் பதிவேட்டில் ஏற்றுவார்கள். எத்தனை மணிக்கு வந்தார், யார் எதனால் அடித்ததாகச் சொல்கிறார், உடலில் எங்கெங்கே என்ன நிறத்தில் காயம், எல்லாம் அதில் இருக்கும். டூட்டி டாக்டர் சின்னப் பையன். "அடிதடின்னு மட்டும் போட்டுடவா?" என்று கேட்டார். பயம் அவருக்கும் இருக்கும்தானே. தம்பி சொன்னதைச் சொன்னபடியே எழுதுங்கள், உண்மையா பொய்யா என்று நீங்கள் முடிவு செய்ய வேண்டியதில்லை என்று நின்றேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு எழுதினார். அடையாளம் தெரிந்த நான்கு போலீஸ்காரர்கள், லத்தி, ஸ்டேஷன் பெயர், நேரம்.

தொடையில் இருந்த தழும்புகள் இரண்டு இணைகோடுகளாகத் தெரிந்தன, நடுவில் வெளுப்பு. உருண்டையான தடியால் அடித்தால் அப்படித்தான் விழும் என்று பிற்பாடு தெரிந்துகொண்டேன். உள்ளங்கால்கள் வீங்கிக் கறுத்திருந்தன. எக்ஸ்ரேயில் எலும்பு முறிவு இல்லை. உள்ளங்காலில் அடிப்பதன் சூட்சுமமே அதுதான். எலும்பு முறிந்தால் சட்டத்தில் கொடுங்காயம், முறியாவிட்டால் சாதாரணக் காயம். வெளியில் தெரியாது, செருப்பு போட்டால் மறைந்துவிடும். கையை உடைத்து, "பாத்ரூமில் வழுக்கி விழுந்தார்" என்று மாவுக்கட்டோடு போட்டோ கொடுக்கிற பழக்கத்தை நம் ஊரில் எல்லோரும் பார்த்திருக்கிறோம், சில பேர் கைதட்டியும் இருக்கிறோம். அந்தக் கைதட்டலைப் பற்றி எழுத ஆரம்பித்தால் இந்தக் கட்டுரை வேறு பக்கம் போய்விடும்.

உள்நோயாளியாகச் சேர்த்தோம். ஆஸ்பத்திரியில் இருக்கும் போலீஸ் அவுட்போஸ்ட் மூலம் தகவல் போய், ஸ்டேஷன் ஆட்களே வார்டுக்கு வந்துவிட்டார்கள். பேசி முடித்துக்கொள்ளலாம் என்றார்கள். தினமும் காயத்தைப் படம் எடுத்தோம். சிவப்பு, நீலம், பச்சை, மஞ்சள் என்று நிறம் மாறுவதை வைத்து எப்போது பட்ட அடி என்று ஓரளவு சொல்ல முடியும். அதனால் ஒரே நாளில் எடுத்த படம் போதாது.

கேமரா விஷயம் தனி. 2020 ஜூனில் சாத்தான்குளம் ஸ்டேஷனில் அடிபட்ட ஜெயராஜும் அவர் மகன் பென்னிக்ஸும் இறந்த பிறகு அந்த ஸ்டேஷனுக்குப் போன மாஜிஸ்திரேட், கேமரா பதிவுகள் தினமும் தானாக அழியும்படி வைக்கப்பட்டிருந்ததாக உயர் நீதிமன்றத்துக்கு அறிக்கை கொடுத்தார். இத்தனைக்கும் ஹார்ட் டிஸ்க்கில் ஒரு டெராபைட் இடம் இருந்தது. அதே வருடம் டிசம்பரில், பரம்வீர் சிங் சைனி வழக்கில் உச்ச நீதிமன்றம் எல்லா ஸ்டேஷனிலும் கேமரா வேண்டும், பதிவுகளை 18 மாதம் வைத்திருக்க வேண்டும், அந்த வசதியுள்ள கருவி கிடைக்காவிட்டாலும் குறைந்தது ஒரு வருடம் என்றது. ஆகவே ஆஸ்பத்திரியில் இருந்தபடியே எஸ்.பி.க்கு ஒரு கடிதம் அடித்தேன்: இந்தத் தேதி, இத்தனை மணி முதல் இத்தனை மணி வரை, நுழைவாயில், வரவேற்பு, லாக்கப், இன்ஸ்பெக்டர் அறைக் கேமராப் பதிவுகளை அழியாமல் பாதுகாக்கவும். பதிவுத் தபாலில், ஒப்புகை அட்டையோடு. அப்புறம் பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டித் தகவல் உரிமை மனு. பதில் வந்தது: "மேற்படி தேதியில் கேமரா பழுது." எதிர்பார்த்ததுதான். ஆனாலும் எழுத்தில் வந்ததே, அது போதும்.

புகாரை எங்கே கொடுப்பது என்பதில் ஒரு விஷயம் பலருக்குத் தெரியாது. கோபத்தில் ஜனாதிபதியில் தொடங்கி எல்லாருக்கும் நகல் அனுப்புவோம். என் கடையிலேயே அப்படி எத்தனையோ மனு அடித்திருக்கிறேன். மனித உரிமைப் பாதுகாப்புச் சட்டப்படி தேசிய ஆணையம் கையில் எடுத்த விஷயத்தை மாநில ஆணையம் விசாரிக்காது. மாநில ஆணையத்தில் இருப்பதைத் தேசிய ஆணையம் தொடாது. இரண்டுக்கும் அனுப்பினால் அவரவர் மற்றவரைக் காட்டிக் கோப்பை மூடிவிட வழி உண்டு. எங்களுக்குக் கிடைத்த வக்கீல் இதைத் தெளிவாகச் சொன்னார். சென்னையில் உள்ள மாநில மனித உரிமை ஆணையத்துக்கு மட்டும் அனுப்பினோம். கட்டணம் கிடையாது, தமிழிலேயே எழுதலாம், வக்கீல் கட்டாயம் இல்லை. சம்பவம் நடந்து ஒரு வருடத்துக்குள் போய்ச் சேர வேண்டும் என்பதுதான் முக்கியம்.

ஆணையம் எஸ்.பி.யிடம் அறிக்கை கேட்டது. பக்கத்து சப் டிவிஷன் டி.எஸ்.பி. விசாரித்து, புகார் உண்மைக்குப் புறம்பானது என்று எழுதிக் கொடுத்தார். போலீசை விசாரிக்கப் போலீஸ். ஆணையத்தின் சொந்தப் புலனாய்வுப் பிரிவுக்கே சட்டப்படி ஒரு போலீஸ் அதிகாரிதான் தலைவர், அது வேறு விஷயம். அந்த அறிக்கையோடு கோப்பு முடிந்துவிடும் என்றுதான் நினைத்தேன். மறுப்புரை எழுத வாய்ப்பு கொடுத்தார்கள். மெயில், ஏ.ஆர். காப்பி, படங்கள், கேமரா பதில் எல்லாவற்றையும் வரிசையாகக் கோத்து அனுப்பினோம். விசாரணைக்கு எடுத்துக்கொண்டார்கள்.

அதற்குப் பிறகு வாய்தா, வாய்தா. சில விசாரணைகள் சென்னையில், சில மதுரை முகாமில். தம்பிக்கு ஒவ்வொரு வாய்தாவும் ஒரு நாள் லோடு போச்சு. நடுவில் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 110-ஆவது பிரிவில், வழக்கமாகக் குற்றம் செய்கிறவர்களிடம் கேட்கும் நன்னடத்தைப் பிணை கேட்டு அவன் மேல் ஒரு வழக்கு முளைத்தது. உடனே வக்கீல் அதையும் ஆணையத்தின் கவனத்துக்குக் கொண்டுபோனார். அது அப்படியே ஓய்ந்தது. ராஜி பேச வந்தவர்களில் எங்கள் வார்டு கவுன்சிலரும் உண்டு. அம்மா கொஞ்சம் அசைந்தார். தம்பி அசையவில்லை.

குறுக்கு விசாரணையில் அப்பா கையெழுத்துப் போட்ட அந்தத் தாளை எடுத்து நீட்டினார்கள். அதில் தேதி இருந்தது, நேரம் இல்லை. ஏ.ஆர். காப்பியில் நேரம் இருந்தது. ஆஸ்பத்திரியில் பதிவான நேரத்தைப் பார்த்தால் வேறு எங்கும் போய் அடிவாங்கி வர இடைவெளியே கிடையாது. லோடு இறக்கும்போது விழுந்தான் என்றார்கள். விழுந்தால் இரண்டு உள்ளங்காலிலும் எப்படிக் காயம் வரும் என்று ஆணையமே கேட்டது. தம்பியை அன்று கூப்பிடவே இல்லை என்பதும் அவர்களுடைய இன்னொரு வாதம். அப்படியானால் நல்ல நிலையில் அழைத்துப் போகிறேன் என்று யாரை அழைத்துப் போனார் அப்பா? கேமரா எப்போது பழுதானது, யாருக்குத் தெரிவித்தீர்கள் என்பதற்கு ஸ்டேஷன் பொது நாட்குறிப்பில் ஒரு வரிகூட இல்லை.

உத்தரவு எங்கள் பக்கம் வந்தது. ஒரு லட்சம் ரூபாய் இழப்பீடு, அதைச் சம்பந்தப்பட்டவர்களின் சம்பளத்தில் பிடித்துக்கொள்ளலாம், துறை நடவடிக்கைக்கும் பரிந்துரை. பரிந்துரைதானே, அரசு கண்டுகொள்ளாமல் விட்டுவிடும் என்று பலர் சொன்னார்கள். 2021-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, மனித உரிமை ஆணையத்தின் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தும் என்று தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. அதனால் அரசு தட்டிக்கழிக்க முடியாது. அதிகாரிகள் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். போனார்கள். இடைக்காலத் தடை வாங்கியிருக்கிறார்கள்.

அந்தப் போலீஸ்காரர்கள் மேல் உள்ள கிரிமினல் வழக்கு இன்னும் மெதுவாக நகர்கிறது. ஒப்புக்கொள்ள வைப்பதற்காகக் காயப்படுத்துவது, சம்பவம் நடந்தபோது இருந்த இந்திய தண்டனைச் சட்டத்தின் 330-ஆவது பிரிவு, ஏழு வருடம் வரை தண்டனை. 1860-இல் எழுதிய அந்தச் சட்டத்திலேயே உதாரணமாகக் கொடுத்திருப்பது, குற்றத்தை ஒப்புக்கொள்ளச் சொல்லி ஒருவரைச் சித்திரவதை செய்யும் போலீஸ் அதிகாரியைத்தான். வெள்ளைக்காரனுக்கே தெரிந்திருக்கிறது. ஐ.நா.வின் சித்திரவதைக்கு எதிரான உடன்படிக்கையில் இந்தியா 1997-இல் கையெழுத்துப் போட்டது. இன்றுவரை உறுதிசெய்யவில்லை, தனிச்சட்டமும் இல்லை.

2025 ஜூனில் மடப்புரம் கோயில் காவலாளி அஜித்குமார் இறந்த செய்தி வந்தபோது தம்பி டிவியை அணைத்துவிட்டான். அதுவும் காணாமல் போன நகைதான். எஃப்.ஐ.ஆர். போடுவதற்கு முன்பே தொடங்கிய விசாரணைதான். உடலில் 44 காயங்கள் என்று மதுரைக் கிளையில் நீதிபதிகள் கேட்டார்கள். வழக்கு சி.பி.ஐ.க்குப் போனது. அங்கே யாரோ ஒருவர் மறைந்திருந்து செல்போனில் எடுத்த வீடியோ இருந்தது.

அதன் பிறகு என் கடைக்கு இந்த மாதிரி மனு அடிக்க வருகிறவர்கள் கொஞ்சம் அதிகம். "அக்கா, நல்லா உருக்கமா போடுங்க" என்பார்கள். உருக்கம் எல்லாம் அப்புறம். ஏ.ஆர். போட்டாயா, எத்தனை மணிக்கு, காப்பி கையில் இருக்கிறதா என்றுதான் முதலில் கேட்கிறேன். இல்லை என்றால் மனுவை ஓரமாக வைத்துவிட்டு, பஸ் இருக்கும்போதே பெரியாஸ்பத்திரிக்குப் போகச் சொல்கிறேன்.