யானைமலை இல்லாத மதுரை

பெயரில் 2004 என்று இருந்தாலும் 2003-லேயே வெளிவந்துவிட்ட மைக்ரோசாஃப்ட் ஃப்ளைட் சிமுலேட்டர் என்ற விமானம் ஓட்டும் கணினி விளையாட்டை என் மாமா சென்னையிலிருந்து வாங்கி வந்தபோது, நான் முதலில் செய்த காரியம் மதுரை விமான நிலையத்தைத் தேடியதுதான். விஓஎம்டி என்ற குறியீட்டை இட்டதும் ஓடுபாதை வந்துவிட்டது. மேற்கு நோக்கி மேலெழுந்தால் வலப்பக்கம் திருப்பரங்குன்றம் தெரிய வேண்டும்; தெரிந்ததோ வெறும் பச்சைத் தரை. ஒத்தக்கடைப் பக்கம் திருப்பிச் சென்று பார்த்தேன். அங்கே யானைமலையும் இல்லை. எங்கள் ஊர் மலையைத் தரைமட்டமாக்கிவிட்டார்களே என்று அன்று எனக்கு வந்த கோபம் சிறுபிள்ளைத்தனமானது என்றாலும், இன்றும் அது முழுதாக ஆறிவிடவில்லை.

காரணம் பிற்பாடுதான் விளங்கியது. உலகின் பெரும்பகுதிக்கு அந்த விளையாட்டு வைத்திருந்தது, ஏறத்தாழ ஒரு கிலோமீட்டருக்கு ஓர் உயரப் புள்ளி மட்டுமே. இமயமலைக்கு அது ஓரளவு போதும். சமவெளியில் தனியே படுத்திருக்கும் ஒடுங்கிய ஒற்றைப் பாறையோ அத்தனை பெரிய கண்களுள்ள வலையில் சிக்காமல் நழுவிவிடும்.

2000 பிப்ரவரியில் எண்டெவர் விண்வெளி ஓடம் 11 நாள் பூமியைச் சுற்றி ரேடாரால் நிலத்தின் உயரத்தை அளந்தது. அந்த அளவீடுகள் நம் பகுதிக்குச் சுமார் 90 மீட்டருக்கு ஒரு புள்ளி என்ற நுணுக்கத்தில் இலவசமாகக் கிடைக்கத் தொடங்கியதும், ரசிகர்கள் அவற்றை விளையாட்டு ஏற்கும் கோப்புகளாக மாற்றினார்கள்; செங்குத்தான சரிவுகளின் மறைவில் ரேடார் எட்டாமல் விட்ட ஓட்டைகளை வேறு வரைபடங்களைக் கொண்டு அடைத்தார்கள். கூலியோ பெயரோ கிடைக்காத வேலை அது. அப்படி யாரோ ஒருவர் ஆக்கிய கோப்பை நிறுவிவிட்டு மறுபடி பறந்த மாலையில், முனை சற்று மழுங்கியிருந்தாலும், யானை தன் இடத்தில் படுத்திருந்தது.

மைக்ரோசாஃப்ட் 2009 ஜனவரியில் இந்த விளையாட்டை உருவாக்கிய குழுவையே கலைத்துவிட்டது. குறுந்தட்டு அசல்தானா என்று சோதிக்கும் பழைய பூட்டை விண்டோஸ் 10 ஏற்காததால், காசு கொடுத்து வாங்கிய தட்டு கையில் இருந்தும் விளையாட்டைத் திறக்க முடியாமல் நான் தவித்ததும் உண்டு. 1998-ல் வந்த ஃபால்கன் 4.0 விளையாட்டின் ரசிகர்கள் இதைவிடப் பெரிய காரியம் செய்தவர்கள்: 2000-ல் கசிந்த அதன் மூல நிரலைக் கொண்டு எஃப்-16 விமானத்தின் நடத்தையை இன்றுவரை செப்பனிட்டு வருகிறார்கள். அவர்கள்மீது எனக்கு மரியாதை உண்டு. ஆனால் என் மனம் விமானத்தைவிடத் தரையைத் திருத்துகிறவர்கள் பக்கமே சாய்கிறது. பழைய விளையாட்டை ஒருவர் கைவிடாமல் இருப்பதற்கு அதில் தன் ஊர் இருப்பதே போதுமான காரணம் என்பது என் அனுபவம்.

இப்போது நானே வைகையை வரைந்துகொண்டிருக்கிறேன். செயற்கைக்கோள் படத்தின் மீது கரையோரமாகக் கோடு இழுப்பது எளிதாகவே இருக்கிறது. உள்ளே நிரப்புவதற்குத் தண்ணீரைத் தேர்வதா மணலைத் தேர்வதா என்பதில்தான் இரண்டு வாரமாக வேலை நிற்கிறது. தண்ணீரை நிரப்பினால் ஊர்க்காரர்கள் சிரிப்பார்கள். மணலை நிரப்ப எனக்கு மனம் வரவில்லை.