மிலிட்டரிக்காரர் அப்படித்தான் என்று விட்டுவிட்ட நோய்

வேலூர் மாவட்டத்தில் எங்கள் பக்கத்து ஊர்களில் பட்டாளத்துக்கு ஆள் போகாத தெரு கிடையாது. கம்மவான்பேட்டையை ராணுவப்பேட்டை என்றே சொல்வார்கள். கல்யாணப் பத்திரிகையில் பெயருக்குப் பக்கத்தில் ‘எக்ஸ் சர்வீஸ்மேன்’ என்று போட்டுக்கொள்வதில் எங்களுக்கு ஒரு பெருமை. எனக்கும் அந்தப் பெருமை உண்டு. ஆனால் அதே தெருக்களில் நடுராத்திரியில் அலறி எழுந்திருக்கிறவர்கள் இருக்கிறார்கள். பொழுது சாய்ந்தால் பாட்டிலைத் திறந்துவிடுகிறவர்களும், பெற்ற பிள்ளையிடம் முகம் கொடுத்துப் பேசாதவர்களும் இருக்கிறார்கள். அவர்களைப் பற்றிக் கேட்டால் ஊர் ஒரே பதில்தான் சொல்லும்: “மிலிட்டரிக்காரர் அப்படித்தான்.”

என் அப்பாவுக்கும் அந்தப் பதில்தான் கிடைத்துக்கொண்டிருந்தது, முப்பது வருஷமாக. அவருக்கு இருப்பது பி.டி.எஸ்.டி. என்று 2019இல்தான் தெரிந்தது. போர், விபத்து, வன்முறை போன்ற பேரதிர்ச்சிக்குப் பிறகு மனதிலும் உடம்பிலும் தங்கிவிடுகிற நோய் அது. இதைப் பற்றி எழுதட்டுமா என்று அப்பாவிடம் கேட்டேன். “பேர் போடாம எழுதும்மா. எவனாவது ஒருத்தன் போய் டாக்டரைப் பார்த்தா சரி” என்றார்.

அப்பா மெட்ராஸ் சாப்பர். பெங்களூரில் பயிற்சி. பாலம் கட்டுவது, பாதை போடுவது, கண்ணிவெடி எடுப்பது அவர்கள் வேலை. 1987 ஜூலை 29இல் இந்திய–இலங்கை ஒப்பந்தம் கையெழுத்தானது. அமைதிப்படை என்ற பெயரில் போனவர்களில் அப்பாவும் ஒருவர். முதல் சில வாரம் யாழ்ப்பாணத்தில் மாலை போட்டு, இளநீர் வெட்டிக் கொடுத்தார்களாம். அக்டோபரில் எல்லாம் தலைகீழானது. புலிகளோடு சண்டை தொடங்கியது. அக்டோபர் 11ஆம் தேதி ராத்திரி யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மைதானத்தில் ஹெலிகாப்டரில் இறக்கப்பட்ட சீக்கியக் காலாட்படைப் பிரிவில் ஒருவரைத் தவிர அத்தனை பேரும் செத்துப்போனார்கள். சண்டைக்கு அகப்பட்ட பொதுமக்களின் கதை இதைவிடக் கொடியது. அக்டோபர் 21, தீபாவளி நாளில், யாழ்ப்பாணம் ஆஸ்பத்திரிக்குள் நுழைந்த நம் படையினர் நோயாளிகளையும் டாக்டர்களையும் நர்சுகளையும் சுட்டுக் கொன்றார்கள். அப்பா அங்கே இல்லை. ஆனால் அந்தச் செய்தி முகாமுக்கு வந்த ராத்திரி அவருக்கு ஞாபகம் இருக்கிறது.

கடைசிப் பிரிவு 1990 மார்ச் 24இல் திருகோணமலையிலிருந்து கிளம்பியது. அதற்குள் ஏறத்தாழ 1,200 இந்திய வீரர்கள் இறந்திருந்தார்கள். சென்னைத் துறைமுகத்தில் வந்து இறங்கியவர்களை வரவேற்க அன்றைய முதல்வர் கருணாநிதி போகவில்லை. ஈழத் தமிழர்களைக் கொன்ற படையை எப்படி வரவேற்பேன் என்பது அவர் நிலை. அரசியல் ரீதியாக அதில் நியாயம் இருக்கிறது என்று நினைக்கிறவள்தான் நானும். ஆனால் அந்தக் கப்பல்களில் வந்தவர்களில் அப்பாவைப் போன்ற தமிழ்ப் பையன்களும் இருந்தார்கள். கார்கில் போய் வந்தவர் ஊர்க் கோயில் திருவிழாவில் மேடையேறலாம். அமைதிப்படைக்காரர் எங்கே போயிருந்தோம் என்றுகூடச் சொல்லிக்கொள்ள முடியாது. அப்பா யாரிடமும் சொன்னதில்லை. “ஸ்ரீலங்கா டூட்டி” என்பதோடு முடித்துக்கொள்வார்.

வீட்டில் நாங்கள் பார்த்தது இதுதான். அப்பா தூங்கும்போது யாரும் தொட்டு எழுப்பக் கூடாது. அம்மா கட்டிலின் கால்மாட்டில் தள்ளி நின்றுகொண்டு, துணி காயப்போடுகிற கம்பால் கட்டில் சட்டத்தைத் தட்டி, “ஏங்க, நான்தாங்க” என்று பெயர் சொல்லாமல் குரல் கொடுப்பார். கையை எட்டினால் படுகிற தூரத்தில் நிற்க மாட்டார். பந்தியில் அப்பா வாசலைப் பார்த்த மாதிரிதான் உட்காருவார்; அந்த இடம் கிடைக்காவிட்டால் சாப்பிடாமல் வந்துவிடுவார். தீபாவளிக்கு விடியும் முன்னே கிணற்று மேட்டுக்குப் போய் மோட்டார் கொட்டகையில் உட்கார்ந்துவிடுவார். மோட்டாரைப் போட்டால் வெடிச் சத்தம் கேட்காது. ஒரு தீபாவளிக்குக் கரண்ட் போய்விட்டது. அன்றைக்கு வரப்பில் குப்புறப் படுத்திருந்தவரைப் பக்கத்து நிலத்துக்காரர்தான் தூக்கிக்கொண்டு வந்தார்.

பனங்காட்டு நரி சலசலப்புக்கு அஞ்சாது என்பார்கள். அப்பா அஞ்சினார். யாழ்ப்பாணத்து வீடுகளுக்குப் பனையோலையிலும் கிடுகிலும் வேலி கட்டியிருப்பார்கள். அந்த வேலிக்குப் பின்னாலிருந்துதான் சூடு வரும். காற்றில் ஓலை அசைந்தாலும் ஆள் அசைந்தாலும் ஒரே சத்தம். ஊருக்கு வந்த பிறகு எங்கள் ஏரிக்கரைப் பனைமரங்கள் பக்கமே அவர் போகவில்லை.

எனக்கு மறக்காதது, பஞ்சாயத்தில் குடிநீர்க் குழாய் பதித்த சமயம். தெரு நெடுகப் பள்ளம் தோண்டி, குழாயைப் போட்டு, மண்ணைத் தள்ளி மூடிவிட்டுப் போனார்கள். அப்பா வாசலில் நின்று அந்தப் புது மண்ணையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு உள்ளே போய் ஒரு நீளக் கம்பியை எடுத்து வந்தார். வயிற்றை மண்ணோடு வைத்துப் படுத்து, கம்பியைச் சாய்வாகப் பிடித்து, விரற்கடை விரற்கடையாகக் குத்திப் பார்த்தபடி எங்கள் வாசலிலிருந்து தெருமுனை வரை போனார். பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் சிரித்தார்கள். ஒரு இடத்தில் கம்பி ஏதோ கல்லில் தட்டியது. அப்பா அப்படியே உறைந்துவிட்டார். மூச்சுகூட விடவில்லை. சட்டை முழுக்க வேர்வை. அம்மா போய் மண்டியிட்டு உட்கார்ந்து பேசிப் பேசித்தான் எழுப்பினார்.

நோய் எப்படி வேலை செய்கிறது என்பதை டாக்டர் சொன்னபோதுதான் இதெல்லாம் எனக்குப் புரிந்தது. ஆபத்து வந்தால் உடம்பு தன்னால் தயாராகிறது. நெஞ்சு படபடக்கிறது, காது கூர்மையாகிறது, தூக்கம் போகிறது. ஆபத்து தீர்ந்ததும் அது அடங்க வேண்டும். சிலருக்கு அடங்குவதே இல்லை. நடந்தது பழைய ஞாபகமாக ஆகாமல், இப்போது நடப்பதாகவே திரும்பத் திரும்ப வருகிறது. அதைக் கிளப்புகிற இடம், சத்தம், பேச்சு எல்லாவற்றையும் மனிதர் தவிர்க்கிறார். தவிர்க்கத் தவிர்க்கப் பயம் வலுக்கிறது. பாசம், சந்தோஷம் எல்லாம் மரத்துப்போகின்றன. எங்களிடம் அப்பாவுக்குப் பிரியமே இல்லையோ என்று நானும் தம்பியும் நினைத்து வளர்ந்த காலம் முழுக்க இதுதான் நடந்துகொண்டிருந்தது.

இந்த நோய்க்கு இந்தப் பெயர் வந்தது 1980இல், அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில். வியட்நாமிலிருந்து திரும்பிய வீரர்கள் போராடியது அதற்கு முக்கியக் காரணம். முதல் உலகப் போரிலேயே ‘ஷெல் ஷாக்’ என்று ஒரு பெயர் இருந்தது. அன்றைக்கு அதைக் கோழைத்தனம் என்று பேசியவர்களும் உண்டு. வியட்நாம் வீரர்களை 1980களில் ஆராய்ந்தபோது ஆண்களில் சுமார் 15 சதவீதம் பேருக்கு அப்போதும் இந்த நோய் இருந்தது. இவர்களையும் சேர்த்து, வாழ்நாளில் ஏதோ ஒரு கட்டத்தில் வந்தவர்கள் சுமார் 30 சதவீதம். அப்படியானால் மீதிப் பேருக்கு வரவில்லை. போருக்குப் போன எல்லாருமே உடைந்துபோவார்கள் என்பதும் தப்பு, மிலிட்டரிக்காரர் எல்லாரும் அப்படித்தான் என்பதும் தப்பு.

வயதான பிறகு இது மோசமாகலாம் என்பது எங்கள் வீட்டுக்குத் தெரியாத விஷயம். அப்பா ரிட்டயராகி வந்ததும் ஒரு வங்கியில் செக்யூரிட்டி வேலைக்குப் போனார். ஷிப்ட், யூனிபார்ம், கதவைப் பார்த்து உட்காருகிற நாற்காலி எல்லாம் அவருக்குத் தோதாக இருந்தது. அந்த வேலையும் முடிந்து வீட்டில் உட்கார்ந்தபோதுதான் கனவுகள் அதிகமாயின. ராணுவக் கேன்டீனில் கிடைக்கிற ரம் கோட்டா போதாமல் வெளியிலும் வாங்க ஆரம்பித்தார். நெஞ்சு படபடக்கிறது என்று ஒரு நாள் ஆஸ்பத்திரிக்குப் போனோம். ஈசிஜி சரியாக இருந்தது. அங்கே இருந்த சின்ன வயது டாக்டர் சீட்டெழுதி அனுப்பாமல், “ஐயா, தூக்கம் எப்படி?” என்று கேட்டார். அப்பா “நல்லா தூங்குறேன் சாப்” என்றார். அம்மா அதுவரை எந்த டாக்டர் முன்னாலும் வாய் திறந்ததில்லை. அன்றைக்கு, “முப்பது வருஷமா கம்பால தட்டித்தாங்க எழுப்புறேன்” என்றார். அந்த ஒரு வரியில்தான் எல்லாம் வெளியே வந்தது. மனநல மருத்துவரிடம் அனுப்பினார்கள்.

சிகிச்சை எப்படி நடந்தது என்பதைக் கொஞ்சம் விவரமாகவே எழுதுகிறேன், ஏனென்றால் எங்கள் ஊரில் பலருக்கும் ‘மனநோய் ஆஸ்பத்திரி’ என்றாலே கரண்ட் ஷாக்தான் மனதில் வருகிறது. முதலில் குடி. வருஷக்கணக்காகத் தினம் குடித்தவர் திடீரென்று தானாக நிறுத்தினால் வலிப்பு வரலாம். டாக்டர் மேற்பார்வையில்தான் நிறுத்த வேண்டும். அப்புறம் செர்ட்ராலின் மாத்திரை. அது வேலை செய்யச் சில வாரம் பிடித்தது. மெடிக்கலில் அப்பா தானாக வாங்கிப் போட்டுக்கொண்டிருந்த தூக்க மாத்திரையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து விடச் சொன்னார்கள். அந்த வகை மாத்திரை இந்த நோயைக் குணமாக்காது, பழக்கமாகிவிடும்.

மாத்திரையைவிட முக்கியம் பேச்சு. வாரம் ஒரு முறை. கண்ணை மூடிக்கொண்டு, நடந்ததை இப்போது நடக்கிற மாதிரியே ஆரம்பத்திலிருந்து கடைசிவரை சொல்ல வேண்டும். முடிந்ததும் மறுபடி சொல்ல வேண்டும். அதை செல்போனில் பதிவுசெய்து, வீட்டில் தினமும் கேட்க வேண்டும். முதல் சில வாரம் அப்பாவின் நிலைமை முன்பைவிட மோசமானது. நிறுத்திவிடலாம் என்று தம்பி சண்டை போட்டான். அப்படித்தான் இருக்கும், விடாதீர்கள் என்றார் டாக்டர். கூடவே, தவிர்த்த இடங்களை எளிதிலிருந்து கடினம் வரை வரிசைப்படுத்தி ஒவ்வொன்றாகப் போய் நிற்கச் சொன்னார்கள். ஏரிக்கரைப் பனைமரத்தடி அதில் ஒன்று. நானும் கூடப் போனேன். படபடப்பு தானாக இறங்கும்வரை அங்கேயே நிற்க வேண்டும் என்பது விதி. முதல் நாள் இறங்க வெகு நேரம் ஆனது.

எல்லாம் வெடியும் சூடும்தான் என்று நான் எண்ணியிருந்தேன். அப்பா திரும்பத் திரும்பச் சொன்ன சம்பவத்தில் வெடியே இல்லை. வீடு வீடாகச் சோதனை போடும்போது தமிழ் தெரிந்தவனை முன்னால் விடுவார்கள். ஒரு வீட்டில் ஒரு வயதான அம்மா, பள்ளிக்கூடத்துப் பையன் ஒருவன். அந்த அம்மா அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, “தம்பி, நீங்களும் தமிழ் ஆக்கள்தானே, இவன் படிக்கிற பிள்ளை” என்றாராம். அப்பா அதை அப்படியே ஹிந்தியில் ஆபீசரிடம் சொன்னார். பையனை வண்டியில் ஏற்றினார்கள். அவனுக்கு என்ன ஆனது என்று அப்பாவுக்குத் தெரியாது. கூட நின்ற மற்ற மொழிக்காரர்களுக்கு அது அழுகைச் சத்தம். அப்பாவுக்கு ஒவ்வொரு சொல்லும் புரிந்தது.

வியட்நாம் வீரர்களுக்குச் சிகிச்சை அளித்த ஜோனதன் ஷே என்ற அமெரிக்க மருத்துவர், பயத்தால் வருகிற காயத்தோடு, அதிகாரத்தில் இருப்பவர்கள் நியாயத்துக்குத் துரோகம் செய்யும்போது மனசாட்சிக்கு வருகிற காயத்தையும் பற்றி எழுதியிருக்கிறார். தன் மனசாட்சிக்கு எதிராகத் தானே நடந்ததால் வருகிற காயத்தையும் பின்னால் வந்த ஆய்வாளர்கள் இதில் சேர்த்தார்கள். பயத்துக்கு மருத்துவம் நன்றாகவே கேட்கிறது. மனசாட்சிக் காயம் அவ்வளவு சுலபமாகக் கேட்பதில்லை; அப்பாவிடம் இதைக் கண்ணால் பார்த்தேன். இப்போது கனவு எப்போதாவதுதான் வருகிறது. அம்மா தோளைத் தொட்டு எழுப்புகிறார். ஆனால் அந்தப் பையனைப் பற்றிப் பேச்செடுத்தால் அப்பா அழுகிறார். அழ வேண்டிய விஷயம்தான் என்று நினைக்கிறேன். அந்த அம்மாவுக்கும் அவரைப் போன்றவர்களுக்கும் நேர்ந்ததை, அந்தப் போர்க்காலத்தில் யாழ்ப்பாணத்திலேயே இருந்து சிகிச்சை அளித்த மனநல மருத்துவர் தயா சோமசுந்தரம் பல வருஷமாக எழுதி வந்திருக்கிறார். அப்பாவின் நோயைப் பற்றிப் பேசும்போது அவர்களை விட்டுவிட்டுப் பேச எனக்கு மனம் வரவில்லை.

சர்வீஸில் இருக்கும்போதே ஏன் சொல்லவில்லை என்று அப்பாவிடம் கேட்டேன். ராணுவத்தில் மெடிக்கல் கேட்டகிரி என்று ஒன்று இருக்கிறது. மனம், காது, கைகால், உடல், கண் என்று ஐந்துக்கும் தனித்தனியாகத் தரம். மனதில் தரம் குறைந்தால் புரமோஷன் பாதிக்கும் என்ற பயம் எல்லாருக்கும் உண்டு. “கால் போனவனைத் தூக்கிட்டுப் போவாங்க. எனக்கு எதைக் காட்டுறது?” என்றார்.

எங்கள் பக்கம் முன்னாள் ராணுவத்தினருக்கு அடிக்கடி மருத்துவ முகாம் நடக்கிறது. ஷுகர், பிரஷர், கண் பார்ப்பார்கள். அதே மேஜையில் தூக்கத்தையும் கனவையும் குடியையும் பற்றி நாலு கேள்வி கேட்கச் சொல்லி அடுத்த சங்கக் கூட்டத்தில் மனு கொடுக்கப்போகிறோம். முதல் கையெழுத்து அப்பாவுடையது. கேள்வியைக் கேட்கும்போது மனைவியையும் பக்கத்தில் உட்காரவைக்க வேண்டும் என்று அம்மா தனியாக ஒரு வரி சேர்க்கச் சொல்லியிருக்கிறார். முன்னாள் ராணுவத்தினருக்கான மருத்துவத் திட்டமான இசிஎச்எஸ் கார்டு இருப்பவர்கள் அதன் பாலிகிளினிக்கில் மனநல மருத்துவருக்கு ரெஃபரல் கேட்கலாம். வெளியே தெரிய வேண்டாம் என்று தயங்குகிறவர்கள் 14416க்குப் போன் செய்யலாம். அரசாங்கத்தின் டெலிமானஸ் மனநல உதவி எண் அது, காசு கிடையாது, தமிழிலேயே பேசுவார்கள்.