சொதிச் சாப்பாடும் ஒரு கேள்வியும்

பாளையங்கோட்டையில் ஒரு மறுவீட்டு விருந்து. ஏழெட்டு வருஷம் இருக்கும். சொதியைச் சோற்றில் பிசைந்து, இஞ்சித் துவையலைத் தொட்டுக்கொண்டு நிம்மதியாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். எதிர்ப் பந்தியில் ஒரு பையன் வந்து உட்கார்ந்தான். இரண்டு மாதமாக என்னிடம் கவுன்சிலிங் வருகிறவன். முகம் கொஞ்சம் தெளிந்திருந்தது. அந்தச் சந்தோஷத்தில், பக்கத்து வீட்டுப் பிள்ளையைக் கேட்பதுபோலக் கேட்டுவிட்டேன்: "என்ன தம்பி, இப்பல்லாம் நல்லாத் தூக்கம் வருதா?"

அவன் பக்கத்தில் இருந்த பெரியவர் எடுத்த கவளத்தை அப்படியே கையில் வைத்துக்கொண்டு கேட்டார்: "மேடத்த ஒனக்கு எப்படிடே தெரியும்?"

"ட்யூஷன் டீச்சர் மாமா" என்றான். குனிந்த தலை நிமிரவே இல்லை. பாயசம் வருவதற்கு முன்னாலேயே இலையை மூடிவிட்டுப் போய்விட்டான். அடுத்த வாரம் வரவில்லை. அதற்கப்புறமும் வரவில்லை.

(அடையாளம் தெரிந்துவிடக் கூடாது என்று சில விவரங்களை மாற்றியிருக்கிறேன். எதற்காக வந்தான் என்பதை எங்கேயும் எழுதப்போவதில்லை.)

எம்.எஸ்சி. படித்தபோது ரகசியக் காப்பு பற்றி எங்களுக்கு நடத்தியது டாரசாஃப் வழக்கு. கலிபோர்னியாவில் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் படித்த ஒரு மாணவர், ஒரு பெண்ணைக் கொல்லப்போவதாகத் தன் உளவியலாளரிடம் சொல்கிறார். உளவியலாளர் வளாக போலீசுக்குச் சொல்கிறார். அவர்கள் பிடித்து விசாரித்துவிட்டு விட்டுவிடுகிறார்கள். அந்தப் பெண்ணுக்கு மட்டும் யாரும் சொல்லவில்லை. 1969இல் அவர் கொல்லப்பட்டார். பெற்றோர் வழக்குப் போட்டார்கள். யாருக்கு ஆபத்தோ அவரைக் காப்பாற்ற வேண்டிய கடமை சிகிச்சை தருபவருக்கு உண்டு என்று 1976இல் கலிபோர்னிய உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. பத்து மார்க் கேள்வி. நன்றாகவே எழுதினேன். பந்தியில் எதிரே வந்து உட்கார்ந்தால் என்ன செய்வது என்று எந்தப் பேப்பரிலும் கேட்கவில்லை.

இப்போது முதல் நாளே சொல்லிவிடுகிறேன்: "வெளிய எங்க பாத்தாலும் உங்களத் தெரிஞ்ச மாதிரிக் காட்டிக்க மாட்டேன். நீங்களா வந்து பேசினா பேசுவேன்." இதிலும் சிக்கல் உண்டு. காய்கறி மார்க்கெட்டில் நான் கத்தரிக்காயையே பார்த்துக்கொண்டு நின்றதற்கு ஓர் அம்மா கோபித்துக்கொண்டார். மேடத்துக்குப் பெருமை வந்துவிட்டதாம்.

இன்னொரு பெண் தன் போனில் என் நம்பரை 'தையல் அக்கா' என்று பதிந்து வைத்திருந்தார். மாமியாரும் எடுத்துப் பார்க்கிற போன். அதனால் "நாளைக்கு 5 மணிக்கு ப்ளவுஸ் ரெடி" என்று நானும் மெசேஜ் அனுப்பினேன். பொய்தான். நேர்மையை முதல் பாடமாகச் சொல்கிற தொழிலில் இருந்துகொண்டு தையற்காரியாக நடிக்கலாமா என்று ஒரு தோழி கேட்டாள். கேள்வி நியாயமானது. நான் தொடர்ந்து ப்ளவுஸ் தைத்தேன்.

இங்கே ரகசியத்துக்கு ஆபத்து பெரும்பாலும் அன்போடுதான் வருகிறது. ஓர் அப்பா. மகனுக்கு இருபத்து மூன்று வயது. ஒவ்வொரு வாரமும் ஆட்டோ பிடித்துக் கூட்டி வருவார், ஒரு மணி நேரம் வெளியே பெஞ்சில் இருப்பார், மகன் இறங்கிப் போனதும் உள்ளே எட்டிப் பார்ப்பார். "மேடம், ரூவா குடுக்கது நாந்தானே? என்ன சொல்லுதான்னு ஒரு வார்த்த சொல்லப்பிடாதா?" ஒரு தடவை உடன்குடிக் கருப்பட்டி ஒரு பொட்டலம் கொண்டுவந்தார். வாங்கிக்கொண்டேன். வாங்கியிருக்கக் கூடாது. அதற்கடுத்த வாரம் அவருக்கு 'முடியாது' என்று சொல்வது எனக்கு இரண்டு மடங்கு கஷ்டமாக இருந்தது.

2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 23ஆவது பிரிவு, மனநோய் உள்ளவருடைய விவரங்களை ரகசியமாக வைத்துக்கொள்ளச் சொல்கிறது. உயிருக்கு ஆபத்து, அடுத்தவருக்குத் தீங்கு, நீதிமன்ற உத்தரவு என்று சில விலக்குகள் உண்டு. பீஸ் கட்டுகிறவர் என்பது அதில் இல்லை. தனக்குத் துணையாக நியமனப் பிரதிநிதி ஒருவரைத் தானே எழுதிக் கொடுக்கவும் 14ஆவது பிரிவு வழிசெய்கிறது. அவர் சொந்தக்காரராகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை, நண்பராகவும் இருக்கலாம். இதை அந்த அப்பாவிடம் சொன்னபோது அவர் முகம் போன போக்கைப் பார்த்து, சட்டம் பேசியதற்கே வருத்தப்பட்டேன்.

ஏனென்றால் ராத்திரி மகனுக்கு மாத்திரை எடுத்துக் கொடுக்கிறவர் அவர். அவன் கதவைச் சாத்திக்கொண்டால் வெளியே தூங்காமல் உட்கார்ந்திருக்கிறவரும் அவர்தான். வார்டு பாயும் நர்சும் சமையற்காரரும் ஒரே ஆளாக இருக்கும் வீட்டில், "இது எனக்கும் உங்கள் மகனுக்கும் இடையில் உள்ள விஷயம்" என்று கதவைச் சாத்துவது புத்தகத்தில் நன்றாக இருக்கும். கடைசியில் மகனிடமே கேட்டேன், அப்பாவிடம் எதைச் சொல்லலாம் என்று. ஒரு தாளில் மூன்று வரி எழுதிக் கொடுத்தான். மாத்திரை நிறுத்தவில்லை. அம்மா பேச்சை எடுக்க வேண்டாம். வேலை பற்றி ஆறு மாதம் கேட்க வேண்டாம். அவ்வளவுதான். அப்பா அதை வாங்கி நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். பெஞ்சில் உட்கார்வதை மட்டும் விடவில்லை.

18 வயது நிறையாத பிள்ளைகள் என்றால் கதையே வேறு. ஒரு குழந்தைக்குப் பாலியல் குற்றம் நடந்தது தெரிந்தால் போலீசுக்குச் சொல்லியே ஆக வேண்டும் என்கிறது 2012 போக்சோ சட்டத்தின் 19ஆவது பிரிவு. சொல்லாமல் விட்டால் ஆறு மாதம் வரை சிறை. வீட்டுக்குள் நடப்பதை மூடி மறைத்தே பழகிய நமக்கு இந்தச் சட்டம் கட்டாயம் வேண்டும். ஆனால் பதினேழு வயதுப் பெண் தன் காதலைப் பற்றிப் பேச வந்தாலும் அதே சட்டம்தான். அந்த வயதில் உடலுறவுக்கு அவள் தரும் சம்மதம் சட்டத்துக்குச் சம்மதமே இல்லை. அதனால் அவள் வாயைத் திறக்கும் முன்பே, எதைச் சொன்னால் நான் வெளியே சொல்ல வேண்டி வரும் என்று சொல்லிவிட வேண்டும் என்பது என் கட்சி. எல்லாம் கேட்டுக்கொண்டு அப்புறம் போனை எடுப்பது துரோகம்.

அப்படி ஒருத்தியிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் துப்பட்டா நுனியைச் சுருட்டிக்கொண்டே இருந்தாள். "அப்ப பரீட்சை பயத்தப் பத்தி மட்டும் பேசலாம் மேடம்" என்றாள். அன்றைக்குப் பரீட்சைப் பயத்தைப் பற்றித்தான் பேசினோம். அவளைக் காப்பாற்றினேனா, வாயை அடைத்தேனா என்பது இன்றும் எனக்குத் தெரியாது.

குறிப்புகளைக் கையால்தான் எழுதுகிறேன். பெயர் கிடையாது, எண் மட்டும். எந்த எண் யார் என்ற பட்டியல் வேறு நோட்டில், வேறு பூட்டில். போன வருஷம் ஆஸ்பத்திரியில் நாலு நாள் படுத்திருந்தபோதுதான், நான் போய்விட்டால் அந்த ஸ்டீல் பீரோவை யார் திறப்பார்கள் என்ற யோசனை வந்தது. வீட்டுக்காரர் நல்லவர்தான், ஆனால் பழைய பேப்பர்க்காரருக்கு எடை போட்டுவிடுவார். இதே தொழிலில் இருக்கும் அந்தத் தோழியைக் கூப்பிட்டு, சாவி இருக்கும் இடத்தைக் காட்டினேன். எனக்கு ஏதாவது ஆனால், இப்போது வந்துகொண்டிருப்பவர்களுக்கு நீதான் போன் செய்து சொல்ல வேண்டும், மீதியைக் கிழித்துப் போட்டுவிடு என்றேன்.

அவள் மேலே இருந்த ஒரு பக்கத்தைத் திருப்பி, கண்ணாடியை ஏற்றி இறக்கிப் பார்த்தாள். "கிழிக்கணுமா? இந்தக் கையெழுத்த எவன் படிக்கப் போறான்?" என்றாள்.