காடி வாடை அடித்த 100 அடிச் சுருள்: ஸ்கேன் முதல் எடிட் வரை

பழைய 16 எம்.எம். சினிமாச் சுருளின் டப்பாவைத் திறந்ததுமே காடி (வினிகர்) வாடை. அசிட்டேட் என்ற பிளாஸ்டிக்கால் ஆன ஃபிலிம் சிதையும்போது அசிட்டிக் அமிலம் வரும். அந்த அமிலமே சிதைவை மேலும் விரட்டும். வெக்கையும் ஈரமும் சேர்ந்த நம்மூர்ப் பரணில் இது சீக்கிரம் பிடிக்கும்.

முதலில் ஃபிலிம் எவ்வளவு சுருங்கியிருக்கிறது என்று அளந்தாக வேண்டும். 16 எம்.எம். ரிவர்சல் ஃபிலிமில் (நெகடிவ் இல்லாமல் நேரடியாகப் படமாகும் வகை) 100 ஃபிரேம் 762 மி.மீ. இருக்கும். ஸ்டீல் ஸ்கேலில் வந்தது 755. ஏறக்குறைய 0.9 சதவீதம் குறைவு. இதை புரொஜெக்டரில் ஏற்றினால் பல்சக்கரம் துளைகளைக் கிழித்துவிடும். 'ஒரே ஒரு தடவை ஓட்டிப் பார்ப்போம்' என்ற ஆசைக்கு இடமே கொடுக்கக் கூடாது.

கையால் மெதுவாகச் சுற்றி, விட்டுப்போன பழைய ஒட்டுகளை ஸ்ப்ளைசிங் டேப்பால் மாற்றியாயிற்று. துடைக்க 99 சதவீத ஐசோபுரொபைல் ஆல்கஹால். மருந்துக்கடையின் 70 சதவீதம் வேண்டாம். அதிலுள்ள தண்ணீரில் எமல்ஷனின், அதாவது படம் பதிந்த பூச்சின், ஜெலட்டின் ஊறி உப்பும். துணியை அடிக்கடி மடித்து மாற்றுங்கள். ஒரு மணல் துகள் சிக்கினால் போதும், அடிக்கணக்கில் கோடு விழும்.

ஸ்கேன் என்றால் ஒவ்வொரு ஃபிரேமையும் கேமராவில் படமெடுப்பது. அதற்கு ஏபிஎஸ்-சி (நடுத்தர அளவு சென்சார்) கேமரா, பொருளின் அசல் அளவிலேயே பதியும் 1:1 மேக்ரோ லென்ஸ், லென்ஸ் திறப்பு எஃப் 5.6. சென்சார் அகலம் 6000 பிக்சல் என்றால் படப்பகுதிக்குச் சுமார் 2600 கிடைக்கும். துளையும் ஓரமும் சேர்ந்தே பதியும். ஓரத்தை வெட்டிவிடாதீர்கள். எடிட்டில் படத்தின் ஆட்டத்தை நிறுத்தத் துளைதான் பிடிமானம். கோடாக் ஃபிலிம் தயாரான ஆண்டைச் சொல்லும் வட்டம், சதுரம், முக்கோணக் குறிகளும் அங்கேதான். அவை 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வருவதால், படத்திலுள்ள உடை, வண்டிகளோடு ஒப்பிட்டுத்தான் ஆண்டை முடிவுசெய்ய வேண்டும்.

முதல் சோதனையில் படம் முழுக்கப் பட்டை பட்டையாக விழுந்தது. எல்இடியை மங்கலாக்கியதுதான் காரணம்: மங்கலில் அது படபடவென அணைந்து எரியும், எலக்ட்ரானிக் ஷட்டர் அதை அப்படியே பிடிக்கும். விளக்கை முழு வெளிச்சத்தில் வைத்து ஷட்டர் நேரத்தை மாற்றியதும் பட்டை போயிற்று. அடுத்த தொல்லை, ஃபிலிம் குழிந்திருந்ததால் நடுவில் ஃபோகஸ் வைத்தால் ஓரம் மங்கியது. ஓரங்களை மட்டும் அழுத்தும் கேட் (ஃபிலிமைப் பிடிக்கும் சட்டம்) அதைச் சரிசெய்தது.

100 அடியில் 4000 ஃபிரேம். ஒன்றுக்கு 4 விநாடி வீதம் நாலரை மணி நேரம். எக்ஸ்போஷர் மேனுவலில்தான், ஆட்டோவில் விட்டால் ஒளி துடிக்கும். மாஸ்டர் (மூலப் பிரதி) தரம் குறையாத எஃப்எஃப்வி1 வீடியோ வடிவத்தில், கோப்பு மாறவில்லை என்று சரிபார்க்கும் எம்டி5 எண்ணோடு இரண்டு இடங்களில். அதில் கிரேடிங்கும் (நிறத் திருத்தம்) இல்லை, கீறல் நீக்கமும் இல்லை.

எடிட்டில் முதல் கேள்வி வேகம். இது விநாடிக்கு 16 ஃபிரேமில் எடுத்தது. 24-க்குக் கொண்டுபோக ஒன்றுவிட்டு ஒரு ஃபிரேமை இருமுறை வைத்தால் நடை இயல்பாகும். இடைஃபிரேமை மென்பொருளே வரையவிட்டால் வீசும் கை கூழாகிவிடுகிறது. 4:3 படத்தை 16:9-க்கு வெட்டினால் உயரத்தில் கால்பங்கு போகும். குழுப்படத்தில் முதலில் காணாமல் போவது பின்வரிசைத் தலைகள். பக்கங்களில் கறுப்பு இருக்கட்டும்.

வேலை முடிந்ததும் சுருளைத் தகர டப்பாவில் அடைக்காமல், காற்றுத் துளையுள்ள பிளாஸ்டிக் டப்பாவில், குளிர்ச்சியும் வறட்சியுமான இடத்தில் தனியாக வையுங்கள். அந்த அமில ஆவி பக்கத்துச் சுருளையும் பிடிக்கும்.