காண்பவர் ஒருவர், எழுதுபவர் வேறொருவர்

சில மாதங்களாக நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயக்கதையில், கண்ணுக்குப் புலப்படாத உலகங்களை வரைபடமாக்கித் தரும் கருவி ஒன்று வருகிறது. முதல் வரைவில் அது ஒரு பித்தளைத் தட்டு. நாயகி அதன் நடுவில் உள்ள முள்ளைத் திருப்பியதும், மறைந்திருக்கும் மலைகளும் ஆறுகளும் தாளில் தாமாகவே கோடுகளாக விழுந்துவிடும். எழுதியதைத் திரும்பப் படித்தபோது, கேட்டதையெல்லாம் கேட்டவுடன் கொடுத்துவிடும் அந்தத் தட்டைப்போலச் சலிப்பூட்டும் பொருள் கதையில் வேறெதுவும் இல்லை என்று தோன்றியது. அது ஏன் உயிரற்றுக் கிடக்கிறது என்பதை எனக்குப் புரியவைத்தவர், இப்படி ஒரு கருவி தம் வீட்டிலேயே இருப்பதாக மெய்யாக நம்பிய ஜான் டீ.

1527இல் பிறந்த டீ, இங்கிலாந்தின் முதல் எலிசபெத் அரசியின் காலத்துக் கணித அறிஞர். இளமையில், இன்று பெல்ஜியத்தில் உள்ள லூவேன் நகருக்குச் சென்று, நிலப்படங்களும் உலக உருண்டைகளும் செய்த மெர்காட்டரோடு நட்புக்கொண்டு, அவர் செய்த உருண்டைகளுடன் ஊர் திரும்பியவர். 1576இல், வட அமெரிக்காவின் வடக்கே ஆசியாவுக்குச் செல்லும் வடமேற்குக் கடல்வழியைத் தேடிப் புறப்பட்ட ஆங்கிலக் கடலோடி ஃபுரோபிஷரின் மாலுமிகளுக்கு வடிவியல் கற்பித்தவர். நிலப்படமும் கடல்வழியும் நன்கறிந்த ஒருவர், அந்த அறிவு எட்டாத இடங்களுக்கும் படம் வேண்டும் என்று விரும்பியதில் எனக்கு வியப்பில்லை.

அவருடைய கருவி ஒரே பொருள் அன்று. சதுரமான ஒரு மேசை, அதன் நான்கு கால்களுக்கும் அடியில் மெழுகால் ஆன முத்திரைகள், மேசை நடுவில் எழுத்துகளும் கோணங்களும் செதுக்கிய பெரிய மெழுகு வட்டு, அதன்மேல் சிவப்புப் பட்டு, எல்லாவற்றுக்கும் மேலே ஒரு படிகக் கல். நம் வழக்கில் சொன்னால், மை போட்டுப் பார்ப்பதைப் போன்றதுதான். ஆனால் இவ்வளவு ஏற்பாட்டுக்குப் பிறகும் டீயின் கண்ணுக்குக் கல்லில் பெரும்பாலும் ஒன்றும் தெரியவில்லை. 1582 மார்ச்சில் அவர் வீட்டுக்கு வந்த எட்வர்டு கெல்லிதான் கல்லைப் பார்த்து, அதில் வானதூதர்கள் தெரிவதாகச் சொன்னார். டீ அருகில் அமர்ந்து, கேள்விகள் கேட்டு, விடைகளை நாள்குறித்து எழுதிக்கொண்டார். எனவே அக்கருவியின் இன்றியமையாத உறுப்பு கல்லும் அன்று, மெழுகும் அன்று. இரண்டு மனிதர்களுக்கு இடையே இருந்த நம்பிக்கையே.

அந்த நம்பிக்கை ஆட்டம் கண்ட ஒரு நாளின் பதிவைத்தான் நான் மீண்டும் மீண்டும் படிக்கிறேன். 1584இல் இருவரும் போலந்தின் கிராக்கோ நகரில் இருந்தபோது, உலகத்தின் 91 பகுதிகளையும் அவற்றை ஆளும் ஆவிகளையும் வானதூதர்கள் வரிசையாகச் சொல்வதாகக் கெல்லி சொல்லிக்கொண்டு வந்தார். ஒவ்வொரு பகுதிக்கும் எவரும் கேட்டிராத ஒரு பெயரும், எகிப்து, சிரியா என்பதுபோல மனிதர் அறிந்த ஒரு பெயரும் இருந்தன. பின்னர் ஒருநாள், மாயக்கலை பற்றி எழுதிய ஜெர்மானிய அறிஞர் அக்ரிப்பாவின் நூல் ஒன்றைக் கையில் எடுத்துக்கொண்டு கெல்லி டீயின் அறைக்கு வந்தார். தூதர்கள் சொன்ன நாடுகளின் பெயர்களில் பெரும்பாலானவை அதில் அச்சாகியிருந்தன. வேறு நூலிலிருந்து எடுத்த உலகத்தை நமக்குத் தருகிற இந்த ஆவிகள் ஏமாற்றுக்காரர்கள் என்பது அவர் வாதம். டீயோ மகிழ்ச்சியடைந்தார்! தெரியாத பெயர்களைப் புரிந்துகொள்வதற்காகத் தெரிந்த பெயர்களைத் தாமே கேட்டதாகச் சொல்லி, மெர்காட்டரின் உலகப்படத்தையும் எடுத்துக்காட்டினார். ஏமாற்றுக்காரர் என்று பலரும் முடிவுகட்டிவிட்ட கெல்லியே தம் காட்சிக்கு எதிரான சான்றைக் கொண்டுவருகிறார். கணிதம் அறிந்த டீ அதையே அந்தக் காட்சிக்குத் துணையாக்கிக்கொள்கிறார். இப்படி ஒரு காட்சியை நானாகக் கற்பனை செய்திருக்க மாட்டேன்.

பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் டீயின் பெயரோடு இருக்கும் கருங்கண்ணாடியையும் இங்கே குறிப்பிட வேண்டும். எரிமலைக் கண்ணாடியை மெருகேற்றிச் செய்த, அஸ்டெக் மக்களின் ஆடி அது. மெக்சிகோவின் பச்சூக்கா பகுதிக் கல் என்பதை 2021இல் வெளியான ஆய்வு வேதியியல் வழியாக உறுதிசெய்தது. அது டீயிடம் இருந்தது என்பதற்கு நாம் நம்பியிருப்பது, பதினெட்டாம் நூற்றாண்டில் அதைப் பெற்ற ஆங்கில எழுத்தாளர் ஹொரேஸ் வால்போல் எழுதிவைத்த குறிப்பைத்தான். புகழ் முழுவதும் இந்த ஆடிக்குப் போய்விட்டதில் எனக்குச் சிறிது வருத்தம் உண்டு. அருங்காட்சியகத்தில் இருக்கும் அந்த மெழுகு வட்டில்தான் டீயின் கை உழைப்பு தெரிகிறது.

என் கதையின் மூன்றாம் வரைவில் முள் இல்லை. கோடுகள் தாமாக விழுவதும் இல்லை. தட்டைத் தம்பி பார்க்கிறான், அக்கா எழுதுகிறாள். அவன் சொன்ன ஆறுகளின் பெயர்கள் அவர்களுடைய தாத்தாவின் பழைய பாடப்புத்தகம் ஒன்றில் இருக்கின்றன. அந்தப் புத்தகத்தை அவனே தேடி எடுத்து வந்து அவள் முன்னால் வைத்துவிட்டான். அவள் என்ன சொல்வாள் என்று தெரியாமல் பத்து நாட்களாக அந்த இடத்திலேயே நிற்கிறேன்.