துப்பாக்கி இல்லாத ராணி

கோலாலம்பூர் செந்தூலில் பெரிய மாமா வீட்டுக் கூடத்தில் ஒரு படம் தொங்குகிறது. நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் பெண்கள் பிரிவாக இருந்த ஜான்சி ராணிப் படையினர், அதாவது 'ராணிகள்', துப்பாக்கியுடன் அணிவகுத்து நிற்கும் படம். பழைய பத்திரிகையிலிருந்து வெட்டிச் சட்டம் போட்டிருக்கிறார். வரிசையில் மூன்றாவதாக நிற்பவர் எங்கள் பாட்டி என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார். பாட்டி உயிரோடு இருந்தபோதே அப்படித்தான். "அது நானில்லை, எனக்கு ஏது அவ்வளவு உயரம்?" என்று பாட்டி அடுப்படியிலிருந்து குரல் கொடுப்பார். மாமா காதில் விழாததுபோல் தொடர்வார்.

பாட்டி துப்பாக்கி சுடப் பழகியவர்தான். ஆனால் பர்மாவில் அவர் கையில் இருந்தது மலச்சட்டியும் கஞ்சிக் கிண்ணமும். அவர் தாதிப் பிரிவு. இதைச் சொன்னதும் கேட்பவர்களுக்குச் சுருதி இறங்குவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். எனக்கு எரிச்சல் வருவது அங்கேதான்.

கோலசிலாங்கூர் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தவர் அவர். மலாயாவை ஜப்பான் பிடித்திருந்த காலத்தில் அரிசி போய் மரவள்ளிக்கிழங்கே சாப்பாடானது. 1943 நடுவில் அவருடைய சித்தப்பாவைச் சயாமிலிருந்து (தாய்லாந்து) பர்மாவுக்கு ஜப்பானியர் போட்ட ரயில் பாதை வேலைக்குக் கொண்டுபோனார்கள். அந்த ஜூலையில்தான் நேதாஜி சிங்கப்பூருக்கு வந்து, பெண்களுக்கென்று ஒரு படை அமைக்கப்போவதாக அறிவித்தார். கோலாலம்பூர்க் கூட்டத்தில் காதுத் தோட்டைக் கழற்றிக் கொடுத்துவிட்டுப் படையில் சேர்ந்த ஜானகியை (பிற்காலத்தில் ஜானகி ஆதி நாகப்பன், செனட்டர், 2000இல் பத்மஸ்ரீ) இங்கே பலருக்கும் தெரியும். "என் காதில் கழற்ற என்ன இருந்தது, ஈர்க்குச்சிதான்!" என்பார் பாட்டி. நாட்டுப்பற்றோடு முகாமில் கிடைக்கும் சோறும் தன்னை இழுத்தது என்பதை அவர் மறைத்ததே இல்லை. மாமாவுக்கு இந்த வரி பிடிக்காது.

சிங்கப்பூர் முகாம் 1943 அக்டோபர் 22 அன்று தொடங்கியது. அணிவகுப்பு, துப்பாக்கிப் பயிற்சி, இந்துஸ்தானிப் பாடம். பிறகு சிலரைத் தாதிப் பயிற்சிக்குப் பிரித்தார்கள்.

1944இல் பர்மாவுக்கு ரயிலேற்றினார்கள். எந்தப் பாதை? சித்தப்பாவைக் கொண்டுபோன அதே சயாம் மரண ரயில் பாதை. ரயில் நின்ற இடங்களில் வேலை செய்துகொண்டிருந்த தமிழர்கள், சீருடையில் தமிழ்ப் பெண்களைக் கண்டதும் ஓடிவந்து "எந்தத் தோட்டம்மா?" என்று கேட்டார்களாம். பாட்டி ஒவ்வொரு முகமாகத் தேடியிருக்கிறார். சித்தப்பா அகப்படவில்லை, போருக்குப் பிறகும் திரும்பவில்லை. இந்த இடத்துக்கு வரும்போது மட்டும் பாட்டி பேச்சை மாற்றி, யாருக்காவது தேநீர் வேண்டுமா என்று கேட்பார்.

பாட்டி தாதியாக இருந்த மேமியோ, மாண்டலேக்குக் கிழக்கே உள்ள மலையூர். ஜப்பானியரோடு சேர்ந்து நேதாஜியின் படை நடத்திய இம்பால் முற்றுகை குலைந்து, 1944 மழைக்காலத்தில் வீரர்கள் பின்வாங்கி வந்தார்கள். குண்டடி பட்டவர்களைவிட மலேரியாவும் சீதபேதியும் பட்டினியும் உருக்குலைத்தவர்கள்தான் அதிகம். பாட்டி மறக்காத வேலை, கஞ்சி ஊட்டுவது. வாரக்கணக்கில் பட்டினி கிடந்த வயிற்றில் ஒரேயடியாகக் கொட்டினால் உயிரே போய்விடும். கரண்டி கரண்டியாகத்தான் கொடுக்க வேண்டும். ஆறடி உயரப் பஞ்சாபிக்காரர் இன்னும் ஒரு வாய் கேட்டுக் கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சுவார். பதினேழு வயதுப் பெண், சோற்றுக்காகப் படைக்கு வந்தவள், கிண்ணத்தை எடுத்துக்கொண்டு அடுத்த கட்டிலுக்குப் போக வேண்டும். துப்பாக்கியை நீட்டுவதற்கு இதைவிடக் கூடுதல் நெஞ்சுரம் வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. எங்களுக்குக் காய்ச்சல் வந்தாலும் பாட்டி அப்படித்தான் ஊட்டுவார்: கொஞ்சம், பிறகு ஒரு இடைவெளி, மறுபடி கொஞ்சம். அழுதாலும் மசிய மாட்டார்.

1945 ஏப்ரலில் நேதாஜி ராணிகளோடு ரங்கூனை விட்டுப் புறப்பட்ட நெடுநடையில் பாட்டி இல்லை. அவரை முன்பே ரயிலில் அனுப்பிவிட்டார்கள். அந்தத் திரும்பும் பயணத்தில் ரயில் தாக்கப்பட்டு ஸ்டெல்லா, ஜோசபின் என்ற இரு ராணிகள் இறந்தார்கள். அந்தப் பெயர்களைச் சொல்லும்போது பாட்டி சிலுவை போடுவார். அவர் முருக பக்தை என்பதை இங்கே சொல்லியாக வேண்டும்.

ஊருக்கு வந்தால், பட்டாளத்துக்குப் போன பெண்ணை யார் கட்டுவார்கள் என்ற பேச்சு. சீருடையைக் கொள்ளுப்பாட்டியே அடுப்பில் போட்டார். தாத்தா வீட்டாரிடம், பெண் சிங்கப்பூரில் உறவினர் வீட்டில் இருந்தாள் என்று சொல்லித்தான் கல்யாணம் நடந்தது. பாட்டி மறுபடி பால்மரம் வெட்டினார். ஆனால் தோட்டத்து டிரெஸ்ஸர் (மருந்தகத்தைப் பார்த்துக்கொள்ளும் மருத்துவ உதவியாளர்) எப்படியோ மோப்பம் பிடித்துவிட்டார். பிரசவம் என்றாலும் ஆறாத புண் என்றாலும் ராத்திரியில் ஆள் அனுப்புவார். சம்பளம் கிடையாது, கோழி முட்டை வரும்.

படையின் தலைவி கேப்டன் லட்சுமியே டாக்டர். சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்தவர், கான்பூரில் தள்ளாத வயதிலும் நோயாளிகளைப் பார்த்தவர். அவரையும் நாம் சீருடையில்தான் வைத்திருக்கிறோம், ஸ்டெதஸ்கோப்புடன் அல்ல.

உங்கள் வீட்டில் மேமியோவிலோ ரங்கூனிலோ தாதியாக இருந்தவர் யாராவது உண்டா? இன்று இருந்தால் தொண்ணூறைத் தாண்டியிருப்பார். படம் இல்லாவிட்டால் பரவாயில்லை. என்ன வேலை செய்தார், யாரோடு இருந்தார் என்று எழுதி அனுப்புங்கள். எந்தத் தோட்டம் என்பதையும் மறக்காமல் குறிப்பிடுங்கள்.