அம்மச்சி பார்த்த இந்தி நாடகம்

1985-ல் தக்கலைப் பக்கம் எங்கள் ஊரில் இரண்டே வீட்டில்தான் டிவி. ஆன்டனா இரண்டும் திருவனந்தபுரத்தைப் பார்த்து நிற்கும். அந்த வருஷம் ஜனவரியில்தான் அங்கே மலையாள நிகழ்ச்சிகள் தொடங்கியிருந்தன, அது எங்களுக்குப் பாதிக்கு மேல் புரியும். ஆனால் ராத்திரியானால் டெல்லி நிகழ்ச்சி வந்துவிடும், கூடவே ‘ஹம் லோக்’ என்ற இந்தித் தொடர்.

ஒரு வார்த்தை இந்தி தெரியாமல் அதை ஒரு எபிசோடு விடாமல் பார்த்தவர் என் அம்மச்சி. பக்கத்து வீட்டுத் திண்ணையில் பாய் விரித்து உட்கார்ந்து, குடிகார அப்பன் பஸேசர் ராம் திரையில் வந்ததுமே ஆரம்பித்துவிடுவார். “வந்துட்டான் பாரு மக்ளே, வீட்டுல பெண்ணு கெட்டாம நிக்குது, இவனுக்கு வெக்கம் உண்டா?” கதையே அவருடையதுதான். மூத்தவளுக்கு வரதட்சணைத் தகராறு, நடுவிலவளுக்கு சினிமாப் பைத்தியம் என்று முகத்தைப் பார்த்தே சொல்வார், சினிமா விஷயம் சரியாகவும் இருந்தது. இடையில் மேகி விளம்பரம் வந்தால், “இடியாப்பத்த இப்படியா கொழைய விடுவா?”

எபிசோடு முடிந்ததும் இந்தி நடிகர் அசோக்குமார் வந்து பேசுவார் இல்லையா, அவரை உபதேசியார் என்றே நினைத்து அம்மச்சி முந்தானையை இழுத்து மூடிக்கொள்வார்.

மெக்சிகோவில் பாடம் சொல்லும் நாடகங்கள் எடுத்ததைப் பார்த்துத்தான் இங்கேயும் குடும்பக் கட்டுப்பாட்டைச் சொல்ல இதைத் தொடங்கினார்கள் என்றும், முதல் 13 எபிசோடுகளில் உபதேசம் தூக்கலாகி ஜனங்களுக்குப் பிடிக்காமல் போகவே அதைக் குறைத்தார்கள் என்றும் பின்னாளில் படித்தேன். ஒன்பது பெற்ற அம்மச்சியிடம் இதைச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை.

வம்பு வந்தது ஒரு பட்டாளத்துக்காரரால். லீவில் வந்த பக்கத்து வீட்டு மருமகன், பாவம், நல்ல மனதோடு ஒவ்வொரு வசனத்தையும் தமிழில் சொன்னார். அம்மச்சிக்கு முகமே சரியில்லை. மருமகன் சொன்ன கதையில் சண்டைக்குக் காரணம் வேறு, அழுகைக்குக் காரணம் வேறு. மூன்றாம் நாள், “நீரு சும்மா இரும் ஓய், எனக்குத் தெரியாதா?” என்று அடக்கிவிட்டார். ஆனால் கடைக்குட்டிக்கு டாக்டராக ஆசை என்று அவர் சொன்னதை மட்டும் பிடித்து வைத்துக்கொண்டார்.

அந்த டிசம்பரில் நாடகம் முடிந்தது. அப்புறம் சில வருஷம் கழித்து, நான் பிளஸ் டூ மார்க் ஷீட்டோடு போய் நின்றபோது அம்மச்சி கேட்டது இது: “அந்த இந்திக்காரி கொச்சு டாக்டருக்குப் படிச்சி முடிச்சிட்டாளா மக்ளே?”